தங்கபுஷ்பத்தின் நிறங்கள் விலகியபோது

நாலு நிறத்தை வைத்துப் பிழைக்கிற ஊர் எங்கள் சிவகாசி. மஞ்சள், சிவப்பு, நீலம், கறுப்பு என்று ஒன்றன்மேல் ஒன்றாக மை ஏறி, மயிரிழை பிசகாமல் நாலும் சேர்ந்து உட்கார்ந்தால்தான் காலண்டரில் முருகனுக்கு முருகன் முகம் வரும், தீப்பெட்டி லேபிளில் மயிலுக்கு மயில் கழுத்து வரும், கட்சி போஸ்டரில் தலைவருக்குத் தலைவர் சிரிப்பு வரும். ஒரு நிறம் கொஞ்சம் தள்ளி விழுந்தாலும் உதட்டுச் சிவப்பு கன்னத்தில் போய் நிற்கும், அதை எங்கள் ஊரில் ரெஜிஸ்டர் விலகிவிட்டது என்பார்கள், பள்ளிக்கூடம் போகாத பிள்ளைகூடச் சொல்லும். அதனால்தான், பங்குனிப் பொங்கலுக்குக் கொடியேறிய வாரத்தில் ஒரு காலையில், தூக்குவாளியோடு பால் வாங்கத் தெருவில் இறங்கிய தங்கபுஷ்பத்தின் சிவப்பு அவளுக்கு இடப்பக்கம் ஒரு விரல்கடை தள்ளியும், மஞ்சள் நெற்றிக்குக் கொஞ்சம் மேலேயும், நீலம் முதுகுக்குப் பின்னால் சோம்பலாகவும் வந்துகொண்டிருக்க, கறுப்புக் கோடாக அவள் மட்டும் நடுவில் நடந்து போனபோது, ஒருவரும் அலறவில்லை.

பால்காரர் ஊற்றுகிற பாலை ஊற்றிவிட்டு, "யக்கா, ரெஜிஸ்டர் விலகியிருக்கே, பாத்தீங்களா?" என்றார்.

"பாத்தேன் தம்பி. கண்ணாடில தெரிஞ்சது."

"எதுக்கும் ஒரு எட்டு கோயிலுக்குப் போயிட்டு வந்துருங்க."

அவள் தலையைக் குனிந்துகொண்டாள். குனிந்த தலை ஒரு பக்கமும், தலையின் மஞ்சள் இன்னொரு பக்கமும் குனிந்தன.

எதனால் விலகியது என்று அவளிடம் யாரும் கேட்கவில்லை, கேட்க வேண்டியிருக்கவில்லை. தீப்பெட்டி ஆபீசில் குச்சி அடுக்கி, வீட்டில் லேபிள் ஒட்டி, புருஷன் செத்துப்போன பிறகு ஒற்றை மகளை வளர்த்தவள் அவள். மகள் சண்முகப்பிரியா திருப்பூருக்குப் பனியன் கம்பெனி வேலைக்குப் போனாள், அங்கேயே ஒரு பையனைப் பிடித்துப்போய்த் தாலி கட்டிக்கொண்டாள், தாய்க்கு ஒரு வார்த்தை சொல்லவில்லை. அந்தக் கோபத்திலும் அவமானத்திலும் தங்கபுஷ்பம், யாரோ சொன்னார்கள் என்று, குடும்ப வழக்கைத் தீர்த்துவைக்கிற ஒரு டிவி நிகழ்ச்சிக்குப் போனாள். மகளைக் கண்ணால் பார்க்கலாம் என்றுதான் போனாள், சாமி அறிய அதுதான் எண்ணம். அங்கே லைட்டைப் போட்டு, மைக்கைக் குத்தி, எதிரே மகளை உட்காரவைத்து, மகள் தாயின் முகத்தைப் பார்க்காமல் தரையைப் பார்க்க, நிகழ்ச்சி நடத்துகிற அம்மா "மனசுல இருக்கறத வெளிய கொட்டிருங்க, அம்மா, அடக்கிவைக்காதீங்க" என்று குனிந்து குனிந்து சொல்ல, தங்கபுஷ்பம் தன் கன்னத்தில் தானே அறைந்துகொண்டு, பிள்ளை பெற்றவள் வாயில் வரக் கூடாத ஒரு வார்த்தையைச் சொன்னாள்.

"உன் வயித்துல பிறக்கறதும் உன்ன இப்படித்தான் நடுத்தெருவுல விட்டுட்டுப் போகும். நீ பாக்கத்தான் போற."

அதை ஊர் கேட்டது, நாடு கேட்டது. கேட்டதோடு போயிருந்தால் நாள்பட மறந்துபோயிருக்கும். அடுத்த வீட்டு வெயிலுகந்தாளின் மகன் முனீஸ்வரன் பிரஸ்ஸில் கம்ப்யூட்டரில் டிசைன் போடுகிறவன், வேலை முடிந்தால் தானாகவே பொம்மைப் படம் செய்கிறவன், அவன் அந்த நிகழ்ச்சியிலிருந்து தங்கபுஷ்பத்தின் முகத்தை எடுத்து ஒரு படம் செய்தான். காபி ஆறுகிற நேரம்கூட ஓடாத படம். அதில் அவள் முகம் தீப்பெட்டி லேபிள் மாதிரி வரிசை வரிசையாக இருக்கும். ஒன்றுக்குப் பச்சை உதடு, ஒன்றுக்கு ஊதாக் கன்னம், ஒன்றுக்கு ஆரஞ்சுக் கண்ணீர், எல்லா முகமும் ஒரே நேரத்தில் அறைந்துகொள்ளும், எல்லா வாயும் ஒரே நேரத்தில் அந்த வார்த்தையைச் சொல்லும். நடுவில் ஒரு நடிகர் வருவார், ஒரு சோப்பு வரும், ஒரு தலைவர் கைகாட்டுவார், மறுபடியும் அவள் வருவாள். கொச்சியில் ஏதோ விழாவில் போட்டார்கள், பெரியவர்கள் எழுந்து நின்று கை தட்டினார்களாம். அப்புறம் ஜனங்கள் நடிகரையும் சோப்பையும் தலைவரையும் வெட்டிவிட்டு, அவளை மட்டும் வைத்துக்கொண்டார்கள். கிரிக்கெட்டில் ஒருத்தன் அவுட்டானால் அவள் முகத்தை அனுப்பினார்கள், பெட்ரோல் விலை ஏறினால் அனுப்பினார்கள், பரீட்சையில் தோற்ற பிள்ளைக்கு அவன் கூட்டாளிகள் அனுப்பினார்கள். அந்த வார்த்தைக்கு ஒரு மெட்டு வந்துவிட்டது. அவள் முகம் யார் போனில் ஓடினாலும் அவள் நிறம் ஒரு நூல் நகர்ந்தது.

எங்கள் ஊர் எதற்கும் பழகிவிடும். மினி பஸ்ஸில் அவள் ஏறினால் பெண்கள் அவளுக்கும் இடம் விட்டு அவள் சிவப்புக்கும் இடம் விட்டார்கள். "தங்கம், உன் நீலம் எம் மடியில கெடக்கு, கொஞ்சம் எடுத்துக்கோ" என்று சிரிக்காமல் சொன்னார்கள். பள்ளிக்கூடம் விட்டு வருகிற பிள்ளைகள் அவளுக்கும் அவள் மஞ்சளுக்கும் நடுவில் புகுந்து ஓடினார்கள், அப்படி ஓடினால் பரீட்சையில் பாஸ் என்று ஒரு பேச்சும் கிளம்பியது. ரேஷன் கடை மிஷின் அவள் ரேகையை வாங்க மாட்டேன் என்றது, கடைக்காரர் "ரேகை வந்துருச்சும்மா, விரல்தான் இன்னும் வரல" என்று அரிசியைப் போட்டுவிட்டார். தையல்காரப் பெண், ஜாக்கெட்டை எந்த அளவுக்குத் தைப்பது, கோட்டுக்கா கலருக்கா என்று கேட்டாள். யாரும் கெட்டவர்கள் இல்லை. எதிரில் வரும்போது அக்கா என்றார்கள், மதினி என்றார்கள், சுகமா என்றார்கள், கடந்துபோன பிறகு போனை எடுத்தார்கள், அவ்வளவுதான்.

வெட்கத்துக்கு ஒரு நடை உண்டு, சுவரை ஒட்டிய நடை, அந்த நடையில் தங்கபுஷ்பம் போய் வந்துகொண்டிருந்தாள். யார் முகத்தைப் பார்த்தாலும் ஒன்றைத்தான் சொன்னாள். "அவங்கதான் சொல்ல வச்சாங்க. குத்திக் குத்திக் கேட்டாங்க. நானா சொல்லல." கேட்டவர்களும் ஆமாம், ஆமாம் என்றார்கள்.

அந்தச் சமயத்தில்தான் பிரியா முழுகாமல் இருக்கிறாள், ஏழாம் மாதம் என்று திருப்பூரிலிருந்து செய்தி வந்தது. தலைப்பிரசவம் தாய்வீட்டில்தான் என்பது எங்கள் பக்கத்து வழக்கம். தாய் போய் வளையலைப் போட்டுவிட்டால் மகள் அந்தக் கையோடு தாய்வீட்டுக்குக் கிளம்பியாக வேண்டும். தங்கபுஷ்பத்துக்கு அதற்குப் பிறகு வேறு கவலை இல்லை, நிறம் போனால் போகட்டும், பிள்ளை வீட்டுக்கு வர வேண்டும். அந்த வார்த்தை எங்கோ ஒரு போனில் பாடிக்கொண்டிருக்க, அது தன் மகள் வயிற்றின்மேல் போய் விழுந்துகொண்டே இருக்கிறதே என்பதுதான் அவளுக்குச் சோறு இறங்காமல் செய்தது. போன் போட்டாள், பிரியா எடுக்கவில்லை.

வெயிலுகந்தாள் இதைக் கேட்டுவிட்டு வீட்டுக்கு வந்து, சாப்பிட்டுக்கொண்டிருந்த மகனின் தட்டுக்கு முன்னால் நின்றாள்.

"முனீசு, அந்தப் படத்த அழிடா."

"நான் அழிச்சுட்டேன்மா. ஊர்ல இருக்கறத எப்படி அழிக்க?"

"எதுக்குடா எடுத்த?"

"நான் அத்தையப் பத்தி எடுக்கலம்மா. அழுகிறவங்களக் காட்டிக் காட்டி விக்கிறாங்க, நம்மளும் சோப்பு மாதிரி வாங்கறோம், அதச் சொல்லத்தான் எடுத்தேன். பாக்குறவங்களப் பத்தின படம் அது."

"பாக்குறவங்களப் பத்தின படம்னா பாக்குறவங்க முகத்தப் போட வேண்டியதுதான. என் முகத்தப் போடு. டிவி முன்னாடி வாயத் தொறந்துக்கிட்டு நான்தான உக்காந்திருந்தேன். அவ முகம் எதுக்குடா உனக்கு?"

அவன் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தான். "அவங்க முகம் நல்லா வந்துச்சும்மா" என்றான், சொல்லிவிட்டுத் தட்டைப் பார்த்தான்.

அவனும் சும்மா இருக்கவில்லை. வெள்ளிக்கிழமை மத்தியானம் பிரஸ்ஸிலிருந்து மிஷின் ஓட்டுகிறவர்கள் இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு தங்கபுஷ்பம் வீட்டுக்குப் போனான். நிறம் விலகினால் தாளின் நாலு மூலையிலும் இருக்கிற சிலுவைக் குறியைப் பார்த்துத்தான் சரி செய்வார்கள். அப்படியே அவள் வீட்டின் நாலு மூலையிலும் கோலப்பொடியால் குறி போட்டு, அவளை நடுவில் ஸ்டூலில் உட்காரவைத்து, இப்படித் திரும்புங்கம்மா, தாடையைக் கொஞ்சம் தூக்குங்கம்மா, மூச்சைப் பிடிங்கம்மா என்று பொழுது சாய்கிறவரை பார்த்தார்கள். வாசலில் கூட்டம் கூடி ஆளுக்கொரு யோசனை சொன்னது. மை அதிகமா இருக்கும், துடைச்சுப் பாரு என்றார் ஒருவர். தாள் ஈரம் குடிச்சிருக்கும், வெயில்ல வை என்றார் இன்னொருவர். ஒரு தடவை சிவப்பு மெல்ல நகர்ந்து வந்து அவள் மேல் உட்காரப் பார்த்தது, கூட்டம் மூச்சை அடக்கிக்கொண்டது, அந்த நேரம் பார்த்து ஐந்தாறு வீடு தள்ளி யார் போனிலோ அந்த மெட்டு ஓடியது, சிவப்பு விலகிப்போய் ஜன்னலில் ஒட்டிக்கொண்டது.

"விடுப்பா முனீசு," என்றாள் தங்கபுஷ்பம். "நீ என்ன செய்வ."

அதை அவள் கோபமில்லாமல் சொன்னாள். அவன் வீட்டுக்குப் போய்க் கம்ப்யூட்டரைத் துணி போட்டு மூடினான்.

அதற்கடுத்து வந்தது டிவிக்காரர்களின் கார். அந்த நிகழ்ச்சிக்கு ஆள் சேர்க்கிற பெண், சின்னப் பெண்தான், நல்ல முகம், செருப்பை வெளியே விட்டுவிட்டு வந்து தங்கபுஷ்பத்தின் கையைப் பிடித்துக்கொண்டாள். பிடித்த இடத்தில் கை இல்லை, கையின் மஞ்சள்தான் இருந்தது, இருந்தாலும் விடவில்லை. பக்கத்தில் வெயிலுகந்தாள் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

"அம்மா, எல்லாம் கேள்விப்பட்டோம். வளைகாப்ப நம்ம செட்லயே வச்சிரலாம். வளையல், பூ, கட்டுச்சோறு எல்லாம் எங்க பொறுப்பு. பிரியாவ நாங்க கூட்டிட்டு வந்துருவோம்."

"வருவாளா?"

"நீங்க கூப்பிட்டா வரமாட்டாங்க. நாங்க கூப்பிட்டா வருவாங்க. நீங்க போன தடவை மாதிரி மனசுவிட்டு அழுதா போதும்."

"நிறம் இப்படி இருக்கே, தாயி."

"இப்படியே இருக்கட்டும்மா. டாக்டர், பூசாரின்னு எங்கயும் போயிராதீங்க. சேர்ந்துட்டா அப்புறம் நமக்குக் கதை இல்ல."

வெயிலுகந்தாள் கீரைக் காம்பைக் கிள்ளி முறத்தில் போட்டாள். "எம்மா, உங்க அம்மா உயிரோட இருக்காங்களா?" என்று கேட்டாள்.

"இருக்காங்க ஆன்ட்டி. ஏன்?"

"சும்மாத்தான் கேட்டேன். நல்லா இருக்கட்டும்."

உண்மையைச் சொல்ல வேண்டும், தங்கபுஷ்பத்துக்கு ஆசையாக இருந்தது. மகளைக் கொண்டுவந்து எதிரில் உட்காரவைக்கிறோம் என்று சொல்கிறார்கள், எந்தத் தாய்க்கு ஆசை வராது? நாளைக்குச் சொல்கிறேன் என்று அனுப்பிவிட்டு மாரியம்மன் கோயிலுக்குப் போனாள். அவள் கோடு உள்ளே போய்ச் சன்னதிக்கு முன்னால் நிற்க, நிறங்கள் ஒவ்வொன்றாகப் பின்னால் வந்து தூணோரம் நின்றன. அம்மா தாயே, என் பிள்ளை நல்லபடியாப் பெத்துப் பிழைக்கணும் என்று சொல்ல வாயைத் திறந்தாள். வாய் திறந்ததும் அந்த வார்த்தைதான் வந்தது, மெட்டோடு வந்தது. பொத்திக்கொண்டாள். மறுபடியும் திறந்தாள், மறுபடியும் அதுவே வந்தது. தன் பிள்ளைக்காகக் கும்பிடக்கூட வாய் இல்லாமல் போய்விட்டதே என்று கருவறை விளக்கைப் பார்த்துக்கொண்டு நின்றவளுக்கு, வெட்கம் உள்ளங்காலிலிருந்து ஏறியது. அது ஊருக்குப் பயந்த வெட்கம் இல்லை, அதுவரை அவளுக்குத் தெரிந்த வெட்கமே இல்லை. டிவிக்காரர்கள் சொல்ல வைத்தார்கள் என்று ஊர் முழுக்கச் சொல்லி வந்தாளே, அதை அந்த விளக்குக்கு முன்னால் சொல்லிப் பார்த்தாள். சொல்ல வரவில்லை.

காலையில் அந்தப் பெண்ணுக்குப் போன் போட்டு, "வரலம்மா. எம் பிள்ளைகிட்ட ஒண்ணு சொல்லணும். அத மைக்கு இல்லாம சொல்லணும்" என்று வைத்துவிட்டாள். கடைத்தெருவில் கண்ணாடி வளையல் வாங்கினாள். வாங்கிவிட்டு வெயிலுகந்தாள் வீட்டு வாசலில் வந்து நின்றாள்.

"மதினி, கூட வர்றீங்களா? நான் தாலி இல்லாதவ. முதல் வளையல் நான் போடக் கூடாது. நீங்க போட்டுவிடுங்க."

"நானா? எம் மகன் செஞ்ச வேலைக்கு அவ மூஞ்சில நான் எப்படி முழிக்க?"

"நான் முழிக்கப் போறேன்ல. கூட வாங்க."

திருப்பூர் பஸ்ஸில் இருவரும் ஏறினார்கள். ராஜபாளையத்துப் பெண் ஒருத்தி அடையாளம் கண்டு பக்கத்துச் சீட்டுக்குக் காட்டினாள், மதுரையில் ஏறிய காலேஜ் பிள்ளைகள் கண்டுகொண்டார்கள், ஊர் தாண்டத் தாண்ட அவள் முகம் புதிது புதிதாக ஓடியது. திண்டுக்கல்லில் அவளுடைய நீலம் இறங்கிப் போயிற்று. வெயிலுகந்தாள் தன் முந்தானையை எடுத்து அவள் தலையில் போட்டு மூடி, எல்லாரையும் முறைத்துக்கொண்டே வந்தாள். முறைக்கும்போதெல்லாம் தானும் டிவி முன்னால் உச்சுக்கொட்டிக்கொண்டு பார்த்தது ஞாபகம் வர, முறைப்பு பாதியில் நின்றுபோனது.

பனியன் கம்பெனி கேட்டில் போய் நின்றபோது சாப்பாட்டு மணி அடித்தது. கும்பல் கும்பலாகப் பெண்பிள்ளைகள் வெளியே வந்தார்கள், வந்தவர்கள் பார்த்தார்கள், பார்த்தவர்கள் ஒருத்தியை ஒருத்தி இடித்தார்கள். "ஏ, அந்தம்மாடி." "எந்தம்மா?" "நடுத்தெரு அம்மா." போன்கள் வெளியே வந்தன. சிலது அவளைப் படம் பிடித்தது, சிலது அந்தப் படத்தைப் போட்டு அவளோடு வைத்துப் பார்த்தது, பச்சை உதடும் ஊதாக் கன்னமும் ஆரஞ்சுக் கண்ணீருமாக எல்லாக் கையிலிருந்தும் அவளே அவளைப் பார்த்து அறைந்துகொண்டாள், எல்லா வாயும் அந்த வார்த்தையைச் சொன்னது. சிவப்பு அவளை விட்டுப் போய்க் காம்பவுண்டுச் சுவரில் சாய்ந்தது. மஞ்சள் டீக்கடைப் பந்தல்மேல் ஏறிக்கொண்டது. வெயிலில் ஒரு கோடு மட்டும் நின்றது, கையில் வளையல் பொட்டலத்தோடு.

பிரியா வந்தாள். வயிறு முன்னால் வந்தது, அவள் பின்னால் வந்தாள், கையில் டிபன் பாக்ஸ். கூட்டம் தானாக வழிவிட்டது.

"எதுக்கு வந்த? இங்க கேமரா இல்ல."

"பிரியா," என்றாள் வெயிலுகந்தாள்.

"நீங்க இருங்க அத்தை. உங்க மகன் எப்படி இருக்கான், அடுத்த படம் போட்டுட்டானா?"

வெயிலுகந்தாள் தரையைப் பார்த்தாள்.

"இங்க கேண்டீன்ல உன் குரல்தாம்மா ஓடுது," என்றாள் பிரியா தாயிடம். "நான் சோறு தின்னுறப்ப ஓடுது. யாரும் எனக்குன்னு போடறதில்ல, அவங்களுக்குச் சிரிப்பு வருது, போடறாங்க. இது உள்ள இருந்து உதைக்கும் பாத்துக்கோ, நான் வயித்துல கைய வச்சுக் காதப் பொத்துவேன், வயித்துல எங்க காது இருக்குன்னு தெரியாம எங்கயாவது பொத்துவேன்."

தங்கபுஷ்பம் வழியெல்லாம் ஒரு பேச்சைச் சேர்த்துவைத்துக்கொண்டு வந்திருந்தாள்; கோயிலில் சொல்ல வராததைத் திரும்பவும் பஸ்ஸில் தட்டி நிமிர்த்தி எடுத்து வந்திருந்தாள், மனசு அப்படித்தான். அதைச் சொல்ல வாயெடுத்தாள்.

"அந்த அம்மாதான், பிரியா, குத்திக் குத்தி..."

நிறுத்தினாள். சுற்றி இத்தனை போன் எரிந்துகொண்டிருந்தது. அவள் அவற்றைப் பார்க்கவில்லை, மகளின் வயிற்றைப் பார்த்தாள்.

"இல்ல. நானாத்தான் சொன்னேன். அவங்க மனசுல இருக்கறதச் சொல்லுன்னுதான் சொன்னாங்க, அது என் மனசுல இருந்துச்சு. டிவிக்குப் பஸ்ல போகும்போதே இருந்துச்சு. நீ என்னப் பாக்காம தரையப் பாத்த பாரு, உனக்கு வலிக்கணும்னு தேடி எடுத்துச் சொன்னேன். டிவி பாக்குது, எல்லாரும் கேக்குறாங்கன்னு தெரிஞ்சேதான் சொன்னேன். ஊர்ல எல்லார்கிட்டயும் மாத்திச் சொல்லிட்டேன். உங்கிட்ட மாத்திச் சொல்ல முடியல."

போன் வைத்திருந்த பிள்ளைகளில் ஒருத்தி கையை இறக்கினாள், அவளைப் பார்த்து இன்னொருத்தி. எல்லாரும் இறக்கினார்கள் என்று சொல்ல முடியாது. பின்னால் ஒன்று ஓடிக்கொண்டேதான் இருந்தது.

"இத எதுக்கு இங்க வந்து சொல்ற? எனக்கு வெக்கமா இருக்கு," என்றாள் பிரியா.

"எனக்கும்தான்டி."

"பொட்டலத்துல என்ன?"

"வளையல். அத்தை போட்டுவிடுவாங்க. உனக்கு வர மனசில்லனா வேண்டாம். கொண்டுபோயிருவேன்."

பிரியா டிபன் பாக்ஸைத் தரையில் வைத்தாள். வெயிலுகந்தாள் முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு பச்சை வளையல் ஒன்றை எடுத்தாள். பிரியா நீட்டிய கையை இழுத்துக்கொண்டாள்.

"நீங்க வேண்டாம் அத்தை. அவ போடட்டும்."

"நான் போடக் கூடாதுடி. நான் தாலி அறுத்தவ. நல்ல காரியத்துக்கு..."

"சொன்னது நீதான?"

"நான்தான்."

"அப்ப போடறதும் நீ போடு."

கோடாக இருந்த கை வளையலை வாங்கியது. ஏழு மாதத்துக் கை, நீர் கோத்து வீங்கியிருந்தது, ஊரில் இருந்தபோது எடுத்த அளவில் வாங்கிவந்த வளையல் விரல் முட்டியில் வந்து நின்றுவிட்டது. தங்கபுஷ்பம் மகளின் கட்டை விரலை உள்ளங்கைக்குள் மடக்கி, எலும்போடு எலும்பு சேர்த்து அழுத்தி, கண்ணாடி உடைந்துவிடக் கூடாதே என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு, கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றினாள். பிரியா உதட்டைக் கடித்துக்கொண்டு, இந்தத் தடவை தரையைப் பார்க்காமல், முகம் இருக்க வேண்டிய இடத்தில் இருந்த அந்தக் கறுப்புக் கோட்டையே பார்த்தாள்.

"வலிக்குதா?"

"வலிக்குது. போடு."